அயற்பணி

அயற்பணி என்பது அரசு ஊழியர் ஒருவர் தமது பணியிடத்தின் மீதான உரிமையை இழக்காமல், குறிப்பிட்ட காலத்திற்கு வேறொரு துறையிலோ நிறுவனத்திலோ பணியாற்ற அனுப்பப்படுவதைக் குறிக்கும். அவரை அனுப்பும் துறை தாய்த்துறை எனப்படும். தாய்த்துறைப் பணியிடத்தின் மீது அவருக்குத் தொடரும் உரிமை அலுவலக வழக்கில் லியன் என்று அழைக்கப்படுகிறது. 1922 சனவரி 1 முதல் நடைமுறையில் உள்ள அடிப்படை விதிகள் இதற்கான சட்ட அடித்தளமாகும்.

மாற்றுப்பணியும் அயற்பணியும்

இவ்விரண்டும் பேச்சு வழக்கில் ஒன்றாகக் கருதப்பட்டாலும் வேறுபட்டவை. 2019 சூலை 1 முதல் ஆகத்து 17 வரை 48 நாட்கள் காஞ்சிபுரம் வரதராசப் பெருமாள் கோயிலில் நடைபெற்ற அத்தி வரதர் பெருவிழாவிற்காக, பிற மாவட்டங்களிலிருந்து காவலர்களும் அலுவலர்களும் வரவழைக்கப்பட்டனர். இத்தகைய பணி மாற்றுப்பணியாகும். இதில் ஊதியத்தைத் தாய்த்துறையே வழங்கும்; ஊழியரின் தனி ஒப்புதல் தேவையில்லை; விதிகளுக்குட்பட்டுப் பயணப்படி, தினப்படி கோரலாம்.

அயற்பணியில் ஊதியம் அரசின் தொகுப்பு நிதிக்கு வெளியிலிருந்து வருகிறது. கைத்தறித் துறை அலுவலர் ஒருவர் காஞ்சிபுரத்துப் பட்டு நெசவாளர் கூட்டுறவுச் சங்கமொன்றுக்கு அனுப்பப்பட்டு, சங்க நிதியிலிருந்து ஊதியம் பெறுவாராயின் அது அயற்பணியாகும்.

தேர்தல் பணி

1951ஆம் ஆண்டின் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம், பிரிவு 28அ-இன்படி, தேர்தல் நடத்தும் அலுவலர், வாக்குச்சாவடி அலுவலர், காவலர் ஆகியோர் அறிவிக்கை நாள் முதல் முடிவு அறிவிக்கப்படும் வரை தேர்தல் ஆணையத்தின் அயற்பணியில் இருப்பதாகவே கருதப்படுவர். அக்காலத்தில் ஆணையத்தின் ஒழுங்குக் கட்டுப்பாட்டிற்கு அவர்கள் உட்பட்டவர்கள். தமது வாக்கை அஞ்சல் வழியாகவோ தேர்தல் பணிச் சான்றிதழ் பெற்றோ செலுத்தலாம்.

ஊழியரின் உரிமைகள்

* ஒப்புதல்: விருப்பத்திற்கு மாறாக ஒருவரை அயற்பணிக்கு அனுப்பலாகாது என்பது நடுவண் அரசின் அடிப்படை விதி 110 கூறும் பொதுநெறி. அரசுக்குச் சொந்தமான அல்லது அரசின் கட்டுப்பாட்டிலுள்ள அமைப்புகளுக்கு இதில் விலக்கு உண்டு. அனுப்புபவர், ஏற்பவர், ஊழியர் ஆகிய மூவரின் இசைவும் அயற்பணியின் அடிப்படை என உமாபதி சௌத்ரி வழக்கில் (1999) உச்ச நீதிமன்றம் விளக்கியது.
* பதவி உயர்வு: தாய்த்துறையில் பணிமூப்பும் பதவி உயர்வு வாய்ப்பும் தொடரும்.
* ஓய்வூதியம்: பழைய ஓய்வூதியத் திட்டத்தில் உள்ளோருக்கு ஓய்வூதியப் பங்களிப்பும் விடுப்பு ஊதியப் பங்களிப்பும் அரசுக்குச் செலுத்தப்பட வேண்டும். பொதுவாக ஏற்கும் நிறுவனமே இவற்றைச் செலுத்தும். இப்பொறுப்பு யாருடையது என்பது அயற்பணி ஆணையில் தெளிவாக இல்லையெனில், ஓய்வுபெறும் வேளையில் சிக்கல் எழும்.
* படி: நடுவண் அரசு ஊழியருக்கு அயற்பணிப் படி, அதே ஊரெனில் அடிப்படை ஊதியத்தில் 5 விழுக்காடும் வேறு ஊரெனில் 10 விழுக்காடும், உச்சவரம்புக்கு உட்பட்டு வழங்கப்படும்.

வரம்புகள்

ஏற்கும் துறையிலேயே நிரந்தரமாக ஈர்த்துக்கொள்ளப்பட வேண்டும் என்று கோரும் உரிமை அயற்பணியாளருக்கு இல்லை. அவரை எப்போது வேண்டுமானாலும் தாய்த்துறைக்குத் திருப்பியனுப்பலாம் எனக் குணால் நந்தா வழக்கில் (2000) உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனினும், குறிப்பிட்ட காலத்திற்கென அனுப்பப்பட்டவரின் காலத்தைத் தகுந்த காரணமின்றிக் குறைத்தல் பொதுவாக ஏற்கத்தக்கதன்று என வி. இராமகிருட்டிணன் வழக்கில் (2005) கூறப்பட்டது. ஈர்த்துக்கொள்ளப்பட்டால், முன்பு அதற்கு இணையான பதவியில் ஆற்றிய பணிக்காலமும் பணிமூப்பிற்குக் கணக்கிடப்பட வேண்டும் என்பது எசு. ஐ. ரூப்லால் வழக்கின் (1999) முடிவாகும்.

ஒழுங்கு நடவடிக்கை

1965ஆம் ஆண்டின் நடுவண் குடிமைப்பணி ஒழுங்கு விதிகளின்படி, அயற்பணியாளருக்குச் சிறு தண்டனை விதிக்குமுன் ஏற்கும் அமைப்பு தாய்த்துறையைக் கலந்தாலோசிக்க வேண்டும். பெருந்தண்டனை தேவை எனக் கருதினால், அவரைத் தாய்த்துறையிடம் ஒப்படைத்து விசாரணை ஆவணங்களை அனுப்ப வேண்டும். பணியைப் பறிக்கும் அதிகாரம் இவ்வாறு தாய்த்துறையிடமே தங்குகிறது.