நடுக்களத்தில் ஓர் இடுக்கிக்காரர்

நேரு கோப்பையை இந்தியா முதன்முதலாக வென்றது என்.பி. பிரதீப்பின் ஒற்றை கோலால். அந்தக் கோல் இல்லாவிட்டால் அவருடைய உழைப்பு யாருக்கும் தெரிந்திருக்காது.

2007 ஆகஸ்ட் 29. டெல்லி அம்பேத்கர் ஸ்டேடியத்தில் நேரு கோப்பை இறுதி ஆட்டம். எதிரே சிரியா. லீக் சுற்றில் இதே இந்தியாவை 3-2 என்று வீழ்த்திய அணி. இடைவேளை நெருங்கும் நேரத்தில், 44-வது நிமிடத்தில், பந்து சிரியாவின் வலைக்குள் போனது. ரசிகர்கள் எதிர்பார்த்திருந்த பைச்சுங் பூட்டியா அடித்த கோல் அல்ல அது. அடித்தவர் நடுக்கள ஆட்டக்காரர் பிரதீப். வயது 24. சொந்த மாவட்டம் கேரளத்தின் இடுக்கி. இரண்டாவது பாதியில் சிரியா எவ்வளவு முயன்றும் பதில் கோல் விழவில்லை. ஆட்டம் 1-0 என்று முடிந்தது.

அந்த ஒரு கோலின் மதிப்பு புரிய வேண்டுமானால் கோப்பையின் கதை தெரிய வேண்டும். 1982-ல் கல்கத்தாவில் தொடங்கிய போட்டி இது. சோவியத் யூனியன், போலந்து, உருகுவே என்று பெரிய அணிகள் வந்து ஆடின. கோப்பையை எடுத்துக்கொண்டு போயின. இந்தியாவின் பங்கு விருந்தோம்பலோடு சரி. 1997-ல் கொச்சியில் நடந்த பிறகு பத்தாண்டுகள் போட்டியே இல்லை. மீண்டும் தொடங்கிய 2007-ல்தான் இந்தியாவின் கைக்குக் கோப்பை வந்தது. பிறகு 2009-லும் 2012-லும் வென்றது உண்மை. ஆனால் அந்த இரண்டு வெற்றிகளும் பெனால்டி ஷூட் அவுட்டில் கிடைத்தவை. இறுதி ஆட்டத்தை 90 நிமிடத்துக்குள் இந்தியா வென்று முடித்தது பிரதீப்பின் கோலால் மட்டுமே.

இத்தனைக்கும், கால்பந்து வீரர்களைத் தேடி யாரும் முதலில் போகும் மாவட்டம் அல்ல இடுக்கி. போடிமெட்டு ஏறினாலும் கம்பத்திலிருந்து குமுளி ஏறினாலும் கண்ணில் படுவது சரிவும் பள்ளமும்தான். 1972-ல் உருவான இந்த மாவட்டத்தில் ரயில் பாதை கிடையாது. ஏலமும் தேயிலையும் மிளகும் விளையும் மண்ணில், இரண்டு கோல் கம்பங்களுக்கு இடையே சமதளம் கிடைப்பது அரிது. விதிவிலக்கு மூணாறு. தமிழ்த் தொழிலாளர்கள் நிறைந்த அந்தத் தோட்டங்களில், பிரிட்டிஷ் கம்பெனியின் பெயரைத் தாங்கிய ஃபின்லே ஷீல்டு கால்பந்துப் போட்டிக்கு எஸ்டேட்டுக்கு எஸ்டேட் அணி திரட்டி மோதுவது நெடுநாளைய வழக்கம்.

வாளையாறு பக்கம் இருக்கும் இன்னொரு எல்லை மாவட்டமான பாலக்காட்டில் நிலைமையே வேறு. அறுவடை முடிந்த வயல் அங்கே மைதானமாகிவிடும். தற்காலிக கேலரி, இரவு விளக்கு, அணிக்கு ஏழு பேர் என்று 'செவன்ஸ்' ஆட்டம் களை கட்டும். டிக்கெட் வாங்கிப் பார்க்கக் கூட்டம் வரும். ஆடுகிறவருக்கு அன்றைக்கே பணமும் கிடைக்கும். அதிகாரபூர்வ அமைப்புகளின் அங்கீகாரம் மட்டும் கிடையாது.

அங்கீகாரமும் மாதச் சம்பளமும் ஒருசேர வேண்டும் என்றால் கேரள இளைஞனுக்கு வெகுகாலம் ஒரே வழிதான் இருந்தது: அரசுத் துறை அல்லது வங்கி அணி. 1990-லும் 1991-லும் ஃபெடரேஷன் கோப்பையை வென்ற கேரள போலீஸ் அணி அப்படி உருவானதுதான். பிரதீப்புக்கு அந்த வாசலைத் திறந்தது ஸ்டேட் பாங்க் ஆஃப் திருவிதாங்கூர். அங்கிருந்து மும்பையின் மஹிந்திரா யுனைடெட்டுக்குப் போனார்.

பந்தாட மும்பைக்குப் போவது எல்லை மாவட்டத்துக்காரர்களுக்குப் புதிதல்ல. பாலக்காடு மாவட்டம் ஒற்றப்பாலத்தில் பிறந்த எஸ்.எஸ். நாராயண், மும்பையில் டாடா, கால்டெக்ஸ் அணிகளின் கோல்கீப்பராக இருந்தவர். 1956, 1960 ஒலிம்பிக் அணிகளில் இடம்பெற்றவர். அரை நூற்றாண்டு கழித்தும் ஏற்பாடு மாறவில்லை. ஜெர்சியில் கம்பெனியின் பெயர். ஆட்டக்காரரின் எதிர்காலம் கம்பெனியின் கையில். 2005-06 தேசிய லீக்கை வென்று, அதைக் கைப்பற்றிய முதல் மும்பை அணி என்ற பெருமை பெற்றது மஹிந்திரா யுனைடெட். 2010-ல் நிர்வாகம் அணியைக் கலைத்தபோது அந்தப் பெருமை குறுக்கே நிற்கவில்லை. அடுத்த ஆண்டே பஞ்சாபின் ஜே.சி.டி. அணிக்கும் அதே கதி.

கம்பெனி முடிவுகள் ஒருபுறம் இருக்க, தேசிய அணியில் பிரதீப்பின் வேலை என்னவோ மாறவில்லை. எதிரணியின் தாக்குதலை நடுக்களத்திலேயே முறிப்பது, பந்தைப் பிடுங்கி இரண்டே தொடுதலில் அடுத்தவருக்குக் கொடுப்பது, பின்கள வீரர் முன்னேறினால் அவர் விட்டுப்போன இடத்தில் நிற்பது. 2006-ல் பயிற்சியாளராக வந்த இங்கிலாந்துக்காரர் பாப் ஹாட்டன் இத்தகைய கட்டுக்கோப்பை நம்பியவர். ஆனால் இந்த வேலைக்குப் புள்ளிவிவரம் கிடையாது. கோல் கணக்கில் வராது. மறுநாள் பத்திரிகைப் படத்திலும் வராது. சரியாகச் செய்தால் யாரும் கவனிப்பதில்லை. தவறினால் மட்டும் மைதானமே கத்தும்.

2008-ல் ஏ.எஃப்.சி. சேலஞ்ச் கோப்பையை வென்றதால் 2011 ஆசியக் கோப்பைக்கு இந்தியா தகுதி பெற்றது. 1984-க்குப் பிறகு முதல் முறை. கத்தாருக்குப் போன அணியில் பிரதீப்பும் இருந்தார். ஆஸ்திரேலியாவிடம் 0-4, பஹ்ரைனிடம் 2-5, தென் கொரியாவிடம் 1-4. ஆசியாவின் உச்சிக்கும் இந்தியாவுக்கும் உள்ள தூரத்தை மூன்றே ஆட்டங்கள் காட்டிவிட்டன.

2014-ல் இந்தியன் சூப்பர் லீக் வந்தபோது பிரதீப்புக்கு 31 வயது. ஏலமும் தொலைக்காட்சி வெளிச்சமும் கோடிகளும் இந்தியக் கால்பந்துக்கு வந்து சேர்ந்தபோது, அதற்கு அடித்தளம் போட்ட தலைமுறையின் நல்ல வருடங்கள் முடிந்திருந்தன.

இன்று பார்த்தால் அவர் கடந்து வந்த படிகளில் பெரும்பாலானவை இல்லை. மஹிந்திரா யுனைடெட் இல்லை. திருவிதாங்கூர் வங்கி 2017-ல் பாரத ஸ்டேட் வங்கியோடு கலந்துவிட்டது. நேரு கோப்பையும் 2012-க்குப் பின் நடக்கவில்லை. பெரிய லீக்குக்குப் போக ஊரில் ஆளில்லாத பையனுக்கு ஏறுவதற்கு இருந்த ஏணி அந்தச் சின்ன வங்கி, கம்பெனி அணிகள்தான். ஒற்றப்பாலத்துக்காரரும் இடுக்கிக்காரரும் இந்திய ஜெர்சி போட்டது அப்படி ஓர் ஏணியில் ஏறித்தான். அதை எடுத்துவிட்டு, மலைச் சரிவிலிருந்து அடுத்த பிரதீப் ஏன் வரவில்லை என்று கேட்பதில் அர்த்தமில்லை.