கோணேசர் கடலுக்குள் இறங்கிய செய்மதிக்காரர்
கொஞ்சம் இப்படி வாருங்கள், திருகோணமலை இராவணன் வெட்டுக்குக் கீழே எட்டிப் பார்ப்போம்! 1956இல் இந்தக் கடலுக்குள் காற்றுச் சிலிண்டரைக் கட்டிக்கொண்டு இறங்கியவர், செய்மதித் தொடர்பை முன்கூட்டியே எழுதிக் காட்டிய அதே ஆர்தர் சி. கிளார்க்!

அவரும் நண்பர் மைக் வில்சனும் கண்டது பழைய கோணேசர் கோயிலின் மிச்சத்தை. பூவேலை செதுக்கிய தூண்கள், யானைத் தலை வடிவக் கற்கள்! 1622இல் போர்த்துக்கேயர் இடித்த கோயில் அது. மறு ஆண்டே அந்த அனுபவம் ‘தி ரீஃப்ஸ் ஆஃப் டாப்ரபேன்’ நூலில் ஏறிவிட்டது. 1958இல் அதே கை ‘வாய்ஸ் அக்ராஸ் த சீ’ என்று கடலடித் தந்திக் கம்பிகளின் கதையை எழுதியது. எழுதச் சொல்லி விடாப்பிடியாக நின்றவர் பெல் ஆய்வகத்தின் ஜான் பியர்ஸ். நூலும் அவருக்கே காணிக்கை. பின்னாளில் எக்கோ, டெல்ஸ்டார் செய்மதிகளுக்காக உழைத்தவரும் இந்தப் பியர்ஸ்தான்!

என்னைத் துள்ள வைப்பது கிளார்க்கின் 1945 அக்டோபர் ‘வயர்லெஸ் வேர்ல்ட்’ கட்டுரை. பூமத்திய ரேகைக்கு மேலே சுமார் 36,000 கிலோமீற்றர் உயரத்தில் சுற்றினால் செய்மதி ஒரே இடத்தில் நிற்பதுபோல் இருக்கும். மூன்று இருந்தால் உலகம் முழுக்கப் பேசலாம். கணக்கு அச்சொட்டு! ஆனால் அவர் நினைத்தது ஆட்கள் குடியிருக்கும் நிலையத்தை. வால்வு எரிந்துபோனால் கழற்றி மாட்ட ஆள் வேண்டாமா? வால்வுக்கு மாற்றான டிரான்சிஸ்டர் பிறந்ததே 1947இல்தானே. விண்வெளிக்கு வால்வுப் பெட்டியோடு ஆள் அனுப்ப எண்ணிய அந்த மனிதர் மீது எனக்குத் தனிப் பாசம். எடையில்லாமல் மிதப்பது எப்படி இருக்கும் என்று அறியும் ஆசைதான் அவரைக் கடலுக்குள்ளும் இழுத்தது.

உப்புவெளிக் கூரைகளைப் பாருங்கள். டிஷ் அன்டெனாக்கள் வானத்தை நன்றாக அண்ணாந்து நிற்கின்றன. லண்டனில் அவை அடிவானத்துப் பக்கம் சாய்ந்திருக்கும். நாம் பூமத்திய ரேகைக்கு வடக்கே எட்டரைப் பாகையில் இருப்பதால், கிளார்க் சொன்ன பாதை ஏறக்குறைய நம் தலைக்கு மேலேயே போகிறது. அங்கே போய்த் திரும்பும் சிக்னலுக்குக் கால் விநாடி போதும்.

திருகோணமலை ஆசிரியர்களே, பொறியியல் கனவோடு வரும் பிள்ளைகளிடம் சமன்பாட்டை நீட்டுமுன் இந்த இரண்டு நூல்களைக் கொடுங்கள். முடிந்தால் கோணேசர் மலைக்கே கூட்டிப்போய்க் கொடுங்கள்!