பல பூமிகளும் ஒரே வரலாறும்

நம் பிள்ளைகள் விரும்பிப் படிக்கும் அமெரிக்க காமிக்ஸ்களில் டி.சி. நிறுவனக் கதைகளும் உண்டு. அவற்றில் 1961-இல் இரண்டாவது பூமி ஒன்று தோன்றியது. பிறகு பூமிகள் பெருகின, குழப்பமும் பெருகியது. எனவே 1985-86-இல், 12 இதழ்கள் வந்த ஒரு தொடரில், எல்லாவற்றையும் ஒரே பூமியாக்கினார்கள். ரயில்வேயில் உழைத்த எனக்கு, மீட்டர் கேஜ் பாதைகளை அகலப் பாதையாக்கியதே நினைவுக்கு வந்தது.

உடனே அந்த ஒரே பூமிக்கு வரலாறும் எழுதினார்கள். மார்வ் உல்ஃப்மன் எழுத, ஜார்ஜ் பெரெஸ் வரைய, இரண்டு பாகங்களாக வந்தது. கதைப்படி அதைப் பதிவு செய்பவள் ஹார்பிஞ்சர் என்னும் பெண்.

ஒன்றாக்குவது வசதிதான். ஆனால் எழுதப்படாத பூமி இல்லாத பூமியாகிவிடுகிறது. ஊர் விட்டு வந்த நாமும் நம் ஊர்க்கதைகளை ஒரு நோட்டில் எழுதி வைப்போம். பேரப்பிள்ளைகளுக்கு இந்த நகரம் ஒன்றே பூமியாகிவிடக் கூடாது.