அதிக நாள் எரிந்தால் அபராதம்!

வாங்கிய பொருள் சீக்கிரம் கெட்டுப்போனால் கடைக்காரரிடம் சண்டைக்குப் போகிறோம். ஆனால், "நீ செய்த பொருள் ஏன் இத்தனை நாள் உழைத்தது?" என்று கேட்டு, செய்தவருக்கே அபராதம் போட்டால்?

இது கதை அல்ல. உண்மையாக நடந்தது.

சுவிட்சர்லாந்து நாட்டில் ஜினீவா என்ற ஏரிக்கரை நகரம் இருக்கிறது. 1924-ம் ஆண்டு டிசம்பர் 23-ந்தேதி அங்கே சில பெரிய மனிதர்கள் கூடினார்கள். எல்லோரும் மின்சார பல்பு கம்பெனிக்காரர்கள். ஜெர்மனியில் இருந்து ஓஸ்ராம், ஹாலந்தில் இருந்து பிலிப்ஸ், அங்கேரியில் இருந்து துங்ஸ்ராம், இன்னும் பிரான்சு, ஜப்பான் நாட்டுக் கம்பெனிகள். அமெரிக்காவின் ஜெனரல் எலக்ட்ரிக் நேரில் சேரவில்லை. வெளிநாடுகளில் தனக்கு இருந்த கம்பெனிகள் மூலம் சேர்ந்துகொண்டது.

அதுவரை போட்டி போட்டவர்கள் அன்று கை கோத்துக்கொண்டார்கள். "பீபஸ்" என்று புதிய கம்பெனி பிறந்தது. பீபஸ் என்பது கிரேக்கர்களின் சூரிய தேவனுக்கு ஒரு பெயர். ஆனால் இந்தச் சூரியன் ஒரு பல்பு கூடச் செய்யவில்லை! எந்த ஊரில் யார் விற்பது, எத்தனை விற்பது என்று பங்கு பிரிப்பதுதான் அதன் வேலை.

பயம் வந்தது ஏன்?

அந்த நாளில் பல்புகள் நன்றாக உழைத்தன. 1,500 மணி, 2,000 மணி என்று எரிந்தன. வாங்கியவர்களுக்குச் சந்தோஷம். விற்றவர்களுக்குக் கவலை! பழைய பல்பு அணைந்தால்தானே புதிய பல்பு விற்கும்?

வியாபாரமும் ஒரே சீராக இல்லை. ஓஸ்ராம் கம்பெனி ஓர் ஆண்டில் 6 கோடிக்கு மேல் பல்பு விற்றது. அடுத்த ஆண்டு அது பாதிக்கும் கீழே போய்விட்டது.

ஆகவே ஒரு முடிவு செய்தார்கள். இனிமேல் வீட்டு பல்பின் ஆயுள் 1,000 மணி. அதற்கு மேல் எரியக் கூடாது!

ஒரு குடும்பத்தில் மாலை 6 மணிக்கு விளக்குப் போட்டு, இரவு 11 மணிக்கு அணைக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். தினம் 5 மணி நேரம். 2,000 மணி எரியும் பல்பு 400 நாள் வரும். 1,000 மணி பல்பு 200 நாளில் போய்விடும். ஒரு பல்பு வாங்கிய இடத்தில் இரண்டு வாங்க வேண்டும். இந்தக் கணக்கு வாங்குகிறவருக்குத் தெரியாது. "பல்பு போய்விட்டது" என்று கடைக்குப் போவார், அவ்வளவுதான்.

தராசும் தண்டனையும்

ஆயுளைக் குறைப்பது என்ன பெரிய வேலை என்று தோன்றும். அப்படி இல்லை. சரியாக 1,000 மணியில் அணைய வேண்டும். சீக்கிரமும் போகக் கூடாது, பிந்தியும் போகக் கூடாது. கெட்டிக்கார எஞ்சினீயர்கள் பல ஆண்டு பாடுபட்டு இதைச் சாதித்தார்கள்.

ஒவ்வொரு தொழிற்சாலையும் தன் பல்புகளில் சிலவற்றைச் சுவிட்சர்லாந்தில் உள்ள சோதனைச் சாலைக்கு அனுப்ப வேண்டும். அங்கே அவற்றை எரியவிட்டு மணிக் கணக்குப் பார்ப்பார்கள். ஆயுள் கூடினால் கம்பெனிக்கு அபராதம். எத்தனை மணி கூடியது, எத்தனை பல்பு விற்றது என்று பார்த்து, சுவிஸ் பிராங்கில் கட்டச் சொல்வார்கள்.

திருடனுக்குத் திருடன் இருக்கமாட்டானா? சில கம்பெனிகள் ஒரு தந்திரம் செய்தன. வீட்டுக்கு வரும் மின்சாரத்தின் வோல்டேஜைவிட அதிக வோல்டேஜுக்கு ஏற்ற பல்பாகச் செய்து விற்றன. அந்த பல்பு கொஞ்சம் மங்கலாக எரியும். ஆனால் நீண்ட நாள் எரியும். பீபஸ் இதைக் கண்டுபிடித்துவிட்டது. ஆன்டன் பிலிப்ஸ் முதலாளிக்கு ஒரே கோபம். இது மிகவும் ஆபத்தான பழக்கம் என்று கடிதம் எழுதினார். யாருக்கு ஆபத்து? விற்பனைக்கு!

1926-ல் பல்பின் சராசரி ஆயுள் 1,800 மணி. 1934-க்குள் அது 1,205 மணியாக இறங்கியது. பல்பு செய்யும் செலவு குறைந்தது. ஆனால் விலை அந்த அளவுக்குக் குறையவில்லை.

கம்பெனியின் பதில்

"நல்ல வெளிச்சத்துக்காகத்தான் இப்படிச் செய்தோம்" என்றார்கள் கம்பெனிக்காரர்கள். இதை வெறும் சாக்கு என்று தள்ளிவிட முடியாது. பல்புக்குள் இருப்பது டங்ஸ்டன் கம்பி. அது அதிகமாகச் சூடேறினால் வெளிச்சம் பளிச்சென்று இருக்கும். கம்பி சீக்கிரம் தேய்ந்து அறுந்துவிடும். சூடு குறைந்தால் பல்பு நீடிக்கும். ஆனால் அதே மின்சாரத்துக்குக் கிடைக்கும் வெளிச்சம் குறையும். 1951-ல் பிரிட்டிஷ் விசாரணைக் கமிஷன் கூட, 1,000 மணி என்பது இரண்டுக்கும் நடுவான அளவுதான் என்று சொன்னது.

அமெரிக்காவில் கலிபோர்னியா மாநிலம் லிவர்மோர் ஊரின் தீயணைப்பு நிலையத்தில் ஒரு பல்பு இருக்கிறது. 1901-ல் மாட்டியது, 100 ஆண்டைத் தாண்டியும் எரிந்தது! ஆனால் அதன் வெளிச்சம், படுக்கை அறையில் இரவில் போடும் சின்ன விளக்கின் அளவுதான். அதில் புத்தகம் படிக்க முடியாது.

அப்படியானால் தவறு எங்கே? மங்கலாக நீடிக்கும் பல்பு வேண்டுமா, பளிச்சென்று எரிந்து அணையும் பல்பு வேண்டுமா என்று வாங்குகிறவரைக் கேட்டிருக்கலாம். யாரும் கேட்கவில்லை. வேறு பல்பு செய்தவருக்கு அபராதம் போட்டார்கள்.

எதிர்த்து நின்றவர்கள்

சுவீடன் நாட்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் இந்தக் கட்டுப்பாட்டை ஏற்கவில்லை. அங்கத்தினர்களின் பணத்தைக் கொண்டு ஸ்டாக்ஹோம் நகரில் "லூமா" என்ற சொந்த பல்புத் தொழிற்சாலையைத் தொடங்கினார்கள். 1931-ல் பல்பு வெளிவந்தது. பெரிய கம்பெனிகளும் அங்கே விலையை இறக்க வேண்டியதாயிற்று! ஜப்பானில் சிறு பட்டறைகளில் கையால் செய்த மலிவு பல்புகளும் கடல் கடந்து வந்து சந்தையில் புகுந்தன.

பீபஸ் ஒப்பந்தம் 1955 வரை நீடிப்பதாக ஏற்பாடு. 1939-ல் இரண்டாவது உலகப் போர் மூண்டது. ஜெர்மன் கம்பெனியும் பிரிட்டிஷ் கம்பெனியும் ஒரே மேஜையில் உட்கார முடியுமா? கூட்டு கலைந்தது.

கம்பெனி போனபிறகும் அது வைத்த கணக்கு போகவில்லை. டங்ஸ்டன் பல்பு வழக்கில் இருந்த காலம் வரையில், பல பல்புகளின் அட்டைப் பெட்டியில் "1,000 மணி" என்று அச்சடித்து வந்தார்கள்.