தந்தியை இழுத்த கை
(வீணை எஸ். பாலசந்தர் தொடர்)

கஞ்சிரா, தபேலா, ஹார்மோனியம் என்று கைக்குக் கிடைத்த வாத்தியத்தையெல்லாம் குரு இல்லாமலே வசப்படுத்திக்கொண்ட மயிலாப்பூர்ப் பையனைப் போன வாரம் பார்த்தோம். இந்த வாரம் 'பொம்மை' படத்தின் இசை என்று சொல்லியிருந்தேன். அதற்குள் அவருடைய பழைய வீணைத் தட்டுகள் என்னைப் பிடித்துக்கொண்டன. இதைச் சொல்லாமல் மேலே போக முடியாது.

வீணையில் மீட்டிய நாதம் அப்போதே தேய ஆரம்பித்துவிடும். வயலினுக்கு வில் உண்டு, நாகஸ்வரத்துக்கு மூச்சு உண்டு; வீணைக்காரருக்கு அந்த ஒரு மீட்டுதான். அது தேய்ந்து முடிவதற்குள் ராகத்தைச் சொல்லியாக வேண்டும். பாலசந்தர் என்ன செய்கிறார்? இடது கை விரலை ஒரே மெட்டில் வைத்துக்கொண்டு தந்தியைப் பக்கவாட்டில் இழுக்கிறார். தந்தி முறுக்கேற ஏற ஸ்வரம் மேலே போகிறது. எல்லா வைணிகரும் இழுப்பதுதான். ஆனால் இவர் இழுக்கும் தூரம்! அடுத்தடுத்த மெட்டுகளில் இருக்க வேண்டிய ஸ்வரங்கள் ஒன்றன்பின் ஒன்றாக அதே மெட்டில், அதே மீட்டில் பிறக்கின்றன. மெழுகில் பதித்த இருபத்துநான்கு மெட்டுகளும் இங்கே துணைக்கு வராது. எங்கே நிறுத்த வேண்டும் என்பதைக் காதுதான் சொல்ல வேண்டும். மயிரிழை தப்பினாலும் அபஸ்வரம்.

இந்தத் துணிச்சல் எங்கிருந்து வந்தது? வீணைக்கு வருமுன் அவர் சிதாரில் கர்நாடக சங்கீதம் வாசித்தவர். சிதாரில் தந்தியை நெடுக இழுத்து வாசிப்பது வெகு சகஜம். அந்தப் பழக்கம் விரலோடு வீணைக்கும் வந்துவிட்டது என்றே நினைக்கிறேன். பல வாத்தியம் தெரிந்தவரைக் கவனம் சிதறியவர் என்பார்கள். பாலசந்தர் விஷயத்தில் அது தப்பு. ஒரு வாத்தியத்தில் கற்றதை அவர் இன்னொன்றில் செலவழித்தார். 72 மேளகர்த்தா ராகங்களையும் வாசித்துத் தட்டுகளாகத் தந்தவரைச் சிதறியவர் என்று எப்படிச் சொல்வது?

சிறுவயதுக் கதை ஒன்று விட்டுப்போயிற்று. 1934-இல் வந்த 'சீதா கல்யாணம்' பேசும்படத்தில் அந்தக் குடும்பமே நடித்தது. அண்ணன் எஸ். ராஜம் ராமர், அக்கா ஜெயலட்சுமி சீதை, அப்பா சுந்தரமய்யர் ஜனகர். கூடப்பிறந்தவர்கள் ராமரும் சீதையுமாக வருவதா என்று முணுமுணுப்பும் எழுந்தது. நம்மவர் ராவணன் சபையில் வாத்தியம் வாசிக்கும் பையன். இசை பாபநாசம் சிவன். வீட்டிலும் செட்டிலும் பாட்டு கேட்டே வளர்ந்த இந்தப் பையன்தான், இருபது வருஷம் கழித்து ஏவி.எம்.முக்காக 'அந்த நாள்' எடுத்தபோது ஒரு பாட்டுகூட வைக்கவில்லை! அதற்குத் தனி அத்தியாயம் வேண்டும்.

'பொம்மை' அடுத்த வாரம் நிச்சயம். கதை, டைரக்‌ஷன், இசை மூன்றும் அவர்தான். முடிந்தால் அதற்குள் படத்தைப் பார்த்துவிடுங்கள். கதை முடிந்ததும் எழுந்துவிட வேண்டாம். படத்தில் உழைத்தவர்களைப் பாலசந்தரே திரையில் அறிமுகப்படுத்தும் காட்சி அதற்குப் பிறகுதான் வருகிறது. கே.ஜே. யேசுதாஸ் தமிழ்ப் படத்துக்கென்று முதலில் பாடியதும் இந்தப் படத்துக்குத்தான். அங்கிருந்தே தொடங்குகிறேன்.

(தொடரும்)