பாக்கியை வசூலிக்கத்தான் சான்றிதழ். பங்கைப் பறிக்க அல்ல

கடை முதலாளி காலமாகிறார். பதினாறாம் நாள் காரியம் முடிவதற்குள் கேள்விகள் கடை வாசலில் வந்து நிற்கின்றன. வங்கியில் உள்ள பணத்தை யார் எடுப்பது? வெளியில் நிற்கும் பாக்கியை யார் வசூலிப்பது? மணலி புதுநகரில் மளிகைக் கடையானாலும், லாரி உதிரிபாகக் கடையானாலும், கொடுக்கல் வாங்கல் பெரும்பாலும் குடும்பத்தில் ஒருவர் பெயரிலேயே நடக்கிறது. ஆகவே வணிகர்கள் இவ்விஷயத்தை அறிந்திருப்பது அவசியம்.

இரண்டும் ஒன்றல்ல

தாசில்தார் வழங்குவது வாரிசுச் சான்றிதழ். இறந்தவருக்கு வாரிசுகள் யார் யார் என்பதை அது காட்டும். வாரிசுகளுக்குள் தகராறு என்றால் நீதிமன்றத்தைத்தான் நாட வேண்டும்.

நீதிமன்றம் வழங்குவது, ‘சக்சஷன் சர்டிபிகேட்’ என்று வழக்கில் சொல்லப்படும் இறங்குரிமைச் சான்றிதழ். 1925-ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம், 372-ஆவது பிரிவின் கீழ் இதற்கு மனுச் செய்ய வேண்டும். வரவேண்டிய கடன், வங்கி வைப்பு, பங்குப் பத்திரம் ஆகியவற்றுக்கே இது பொருந்தும். நிலமும் கட்டடமும் இதில் சேரா.

மொத்த வியாபாரிகள் கவனிக்க வேண்டியது இது: இச்சான்றிதழோ, அதற்கு ஈடான நீதிமன்ற ஆவணமோ இல்லாமல், இறந்தவரின் பாக்கிக்காக வாரிசு தொடுக்கும் வழக்கில் கடன்பட்டவருக்கு எதிராகத் தீர்ப்புப் பெற முடியாது (பிரிவு 214). சான்றிதழ் பெற்றவரிடம் நல்லெண்ணத்துடன் பணம் செலுத்திய வியாபாரிக்கோ முழுப் பாதுகாப்பு உண்டு (பிரிவு 381). பிறகு வேறொரு வாரிசு வந்து கேட்டாலும் இரண்டாம் முறை கொடுக்க வேண்டியதில்லை. எனவே தகராறில் உள்ள குடும்பத்துக்குப் பாக்கி வைத்திருப்பவர், அண்ணன் முந்தி வந்தார் என்பதற்காக ரொக்கத்தை எடுத்து நீட்டிவிடக் கூடாது.

உச்ச நீதிமன்றம் சொன்னது

மத்தியப் பிரதேசத்தில் நிலக்கரிச் சுரங்க ஊழியர் ஒருவர் இறந்தார். முதல் மனைவியும், நான்கு பிள்ளைகளின் தாயான இரண்டாவது பெண்மணியும் வருங்கால வைப்பு நிதி முதலான பணத்துக்காகத் தனித்தனியே மனுச் செய்தனர். கீழ் நீதிமன்றமும் உயர் நீதிமன்றமும் மாறுபட்டன. 2008-இல் உச்ச நீதிமன்றம், முதல் மனைவியே சட்டப்படியான மனைவி என்றது. ஆயினும், நாமினியாகவும் பிள்ளைகளின் தாயாகவும் இருந்த இரண்டாமவரிடமே சான்றிதழை ஒப்படைத்து, முதல் மனைவியின் ஐந்தில் ஒரு பங்கைப் பாதுகாத்து அவரிடம் கொடுத்துவிட வேண்டும் என்று நிபந்தனை விதித்தது. பணத்தை வாங்கும் கை ஒன்று. பங்குக்கு உரியவர்கள் ஐந்து பேர்!

நாமினியின் நிலையும் இதுதான். வங்கி வைப்பு குறித்து 2010-லும், கம்பெனிப் பங்குகள் குறித்து 2023-லும் உச்ச நீதிமன்றம் இதையே உறுதிசெய்தது: நாமினி பணத்தைப் பெறலாம், அதனாலேயே உரிமையாளர் ஆகிவிட மாட்டார்.

மறைத்தால் வினை

உயில் எழுதாமல் இறந்த இந்து ஆணின் தனிச் சொத்தில் மனைவி, மகன், மகள், தாய் ஆகியோருக்குச் சம பங்கு உண்டு. ஆனால் மனுவில் கட்டிக்கொடுத்த மகளின் பெயரையும், வயதான தாயாரின் பெயரையும் விட்டுவிடுவோர் இருக்கிறார்கள். உண்மையை மறைத்துப் பெற்ற சான்றிதழை நீதிமன்றம் ரத்து செய்யலாம் (பிரிவு 383). சான்றிதழ் கிடைத்த பின்னும், பங்கு கேட்டுத் தனி வழக்குத் தொடரத் தடையில்லை (பிரிவு 387).

வழக்கு நடக்கும் காலமெல்லாம் பணம் முடங்கிக் கிடக்கும். சரக்கு வராது; வாடிக்கையாளர் அடுத்த கடைக்குப் போய்விடுவார். முப்பது ஆண்டு உழைப்பில் வளர்ந்த கடை ஓராண்டு பூட்டிக் கிடந்தால் மீள்வது கடினம்.

ஆகவே வணிகர்களே, கையும் காலும் நன்றாக இருக்கும்போதே நாமினியைப் பதிவு செய்யுங்கள். அத்துடன் நில்லாமல் உயிலும் எழுதுங்கள். வரவேண்டியதையும் கொடுக்கவேண்டியதையும் ஒரு நோட்டில் குறித்து, வீட்டாருக்குக் காட்டி வையுங்கள். கல்லாச் சாவியைவிட அந்த நோட்டுத்தான் நாளை உங்கள் பிள்ளைகளை ஒன்றாக வைத்திருக்கும்.