ஆழ்கடலில் கப்பல், இருளில் கணக்கு

புதுதில்லி: விசாகப்பட்டினம் கப்பல் கட்டும் தளத்தில் 2009-ஆம் ஆண்டு ஜூலை 26-ஆம் தேதி, அன்றைய பிரதமர் மன்மோகன் சிங்கின் மனைவி குர்சரண் கௌர் தேங்காய் உடைத்து "அரிஹந்த்' கப்பலை நீரில் இறக்கி வைத்தார். கார்கில் வெற்றி தினத்தன்று நடந்த விழா அது. அணுசக்தியில் இயங்கும் நீர்மூழ்கிக் கப்பலைச் சொந்தமாகக் கட்டும் ஆற்றல் பெற்ற ஒருசில நாடுகளின் வரிசையில் இந்தியாவும் சேர்ந்துவிட்டதாக நாடே பெருமிதம் கொண்டது.

ஆனால், அன்று அக்கப்பலின் அணு உலை இயங்கத் தொடங்கியிருக்கவில்லை. உலை செயல்படத் தொடங்கியது 2013 ஆகஸ்டில். கப்பல் கடற்படையில் சேர்ந்தது 2016 ஆகஸ்டில். அப்போது விழாவும் இல்லை. அரசின் அறிவிப்பும் இல்லை. 2018 நவம்பர் 5-ஆம் தேதி, "அரிஹந்த்' தனது முதல் தற்காப்பு ரோந்தை முடித்துத் திரும்பியதாகப் பிரதமர் நரேந்திர மோடி அறிவித்தபோதுதான் அக்கப்பல் பணியில் இருப்பதை அரசின் வாயிலாகவே நாடு அறிந்தது.

அணுசக்தி நீர்மூழ்கிகளின் வரலாறு முழுவதும் இப்படித்தான் நகர்ந்து வந்திருக்கிறது. கப்பல் மறைந்திருக்க வேண்டியது அவசியம். அதற்கான செலவும் கால அட்டவணையும்கூட நாடாளுமன்றத்தின் கண்ணில் படாமல் இருக்க வேண்டுமா என்பதே கேள்வி.

இருவகைக் கப்பல்கள்

டீசலில் இயங்கும் நீர்மூழ்கிகள் மின்கலங்களுக்கு மின்னேற்றம் செய்துகொள்ள அவ்வப்போது கடலின் மேல்மட்டத்துக்கு அருகே வந்தாக வேண்டும். எதிரியின் கண்ணில் சிக்கும் தருணம் அதுதான். அணு உலை உள்ள கப்பலுக்கு அந்தத் தேவை இல்லை. மாலுமிகளுக்கான உணவு இருக்கும்வரை மாதக்கணக்கில் அது நீருக்கடியிலேயே இருக்கலாம்.

இவற்றில் இரண்டு வகை உண்டு. அணு ஆயுத ஏவுகணைகளைச் சுமந்துகொண்டு, எவர் கண்ணிலும் படாமல் காத்திருப்பவை ஒருவகை. "அரிஹந்த்' இந்த வகையைச் சேர்ந்தது. எதிரிக் கப்பல்களைத் தேடித் துரத்துபவை மற்றொரு வகை. இவற்றில் அணு உலை உண்டு. அணு ஆயுதப் பணி கிடையாது.

அணு ஆயுதத்தை முதலில் பயன்படுத்துவதில்லை என்பது 2003 ஜனவரியில் இந்தியா வெளியிட்ட கொள்கை. முதல் அடியைத் தாங்கிக்கொண்டு திருப்பி அடிக்கும் வல்லமை இருந்தால் மட்டுமே இக்கொள்கைக்கு மதிப்பு. விமானத் தளங்களும் தரையிலுள்ள ஏவுகணைகளும் அழிக்கப்பட்டாலும் கடலுக்கடியில் ஒரு கப்பல் மிஞ்சியிருக்கும் என்ற அச்சமே எதிரியைத் தடுத்து நிறுத்தும்.

கல்பாக்கத்தில் தொடங்கியது

1980-களில் வேகம் பெற்ற இத்திட்டத்துக்கு "உயர் தொழில்நுட்பக் கப்பல்' என்று பொதுப்படையான பெயரைச் சூட்டினர். நீர்மூழ்கி என்ற சொல்லே அதில் இல்லை. பிரதமர் அலுவலகத்தின் நேரடிக் கண்காணிப்பில் பணிகள் நடந்தன.

கப்பலுக்குள் அடங்கக்கூடிய சிறிய அணு உலையை வடிவமைப்பதுதான் பெரும் சவாலாக இருந்தது. அதன் முன்மாதிரி தமிழகத்தில், கல்பாக்கத்தில் தரையில் அமைக்கப்பட்டது. 2003-இல் இயங்கத் தொடங்கிய அந்த உலை 2006-இல் முழுத் திறனை எட்டியது. 2009 ஆகஸ்டில்தான் அது செய்தியாளர்களுக்குக் காட்டப்பட்டது. சுமார் 6,000 டன் எடையுள்ள "அரிஹந்த்' கப்பலில் இருப்பது அதன் வழிவந்த 83 மெகாவாட் உலை.

தமிழகத்துக்கு இன்னொரு தொடர்பும் உண்டு. மூழ்கியிருக்கும் கப்பலுக்குச் சாதாரண வானொலி அலைகள் எட்டா. மிகத் தாழ்ந்த அதிர்வெண் கொண்ட அலைகளே கடல்நீரைச் சற்று ஊடுருவும். அவற்றை அனுப்பும் "ஐ.என்.எஸ். கட்டபொம்மன்' நிலையம் திருநெல்வேலி மாவட்டம் விஜயநாராயணத்தில் 1990 முதல் இயங்கி வருகிறது. இத்தகைய இரண்டாவது நிலையத்துக்குத் தெலங்கானாவின் விகாராபாத் மாவட்டத்தில் 2024 அக்டோபரில் அடிக்கல் நாட்டப்பட்டது. காப்புக்காட்டில் மரங்கள் வெட்டப்படும் என்று அங்கு எதிர்ப்பும் எழுந்தது.

எண்ணிக்கை போதுமா?

2024 ஆகஸ்ட் 29-ஆம் தேதி "அரிகாத்' கடற்படையில் சேர்ந்தது. மூன்றாவது கப்பலான "அரிதமன்' இறுதிக்கட்டச் சோதனையில் இருப்பதாகக் கடற்படைத் தலைமைத் தளபதி தினேஷ் திரிபாதி 2025 டிசம்பரில் தெரிவித்தார்.

ஒரு கப்பலாவது எப்போதும் ரோந்தில் இருக்க வேண்டுமானால் குறைந்தது நான்கு கப்பல்கள் தேவை என்பதே பிரிட்டன், பிரான்ஸ் நாடுகளின் அனுபவம். ஒன்று ரோந்தில் இருக்கும்போது மற்றொன்று பழுதுபார்ப்பில் இருக்கும். இன்னொன்று பயிற்சியில் இருக்கும்.

எண்ணிக்கையைப் போலவே ஏவுகணையின் தொலைவும் முக்கியம். தொடக்கத்தில் "அரிஹந்த்' ஏந்திய கே-15 ஏவுகணை சுமார் 750 கிலோமீட்டர் மட்டுமே பாயும். அதைக் கொண்டு இலக்கைத் தாக்க எதிரியின் கரையை நெருங்க வேண்டும். சுமார் 3,500 கிலோமீட்டர் பாயும் கே-4 ஏவுகணை 2024 நவம்பரில் "அரிகாத்' கப்பலிலிருந்து சோதிக்கப்பட்டது. வங்கக் கடலில் இருந்தபடியே தொலைதூர இலக்குகளை எட்டும் வழி அதன் பிறகே தெளிவாகத் திறந்தது.

தாக்குதல் வகை நீர்மூழ்கிகளின் நிலை இன்னும் கவலைக்குரியது. 1988 முதல் 1991 வரை சோவியத் யூனியனிடமிருந்து குத்தகைக்குப் பெற்ற "சக்ரா' நம்மிடம் இருந்தது. அதே பெயரில் இரண்டாவது கப்பல் ரஷியாவிடமிருந்து 2012-இல் வந்தது. வெள்ளோட்டத்தின்போது 2008 நவம்பரில் தீயணைப்பு வாயு கசிந்து 20 பேர் உயிரிழந்த கப்பல் அது. பத்தாண்டுக் குத்தகை முடியும் முன்பே 2021 ஜூனில் அது ரஷியாவுக்குத் திரும்பியது. மூன்றாவது கப்பலுக்கு 2019 மார்ச்சில் ஒப்பந்தம் கையெழுத்தானது. 2025-இல் வரும் என்று எதிர்பார்க்கப்பட்டது. அந்தக் கெடு தள்ளிப்போனது.

சொந்தமாகக் கட்டப்படும் இரண்டு தாக்குதல் கப்பல்களுக்குப் பாதுகாப்புக்கான அமைச்சரவைக் குழு ஒப்புதல் அளித்தது 2024 அக்டோபரில். முதல் கப்பல் 2036-37-இல் வரக்கூடும், அடுத்தது அதற்கு இரண்டாண்டுகள் கழித்து வரும் என்று அதே ஆண்டு டிசம்பரில் கடற்படைத் தலைமைத் தளபதி கூறினார். இத்தகைய ஆறு கப்பல்களைக் கட்டும் திட்டத்துக்கு 2015-லேயே அரசு கொள்கை அளவில் இசைவு அளித்திருந்தது. இசைவுக்கும் முதல் கப்பலுக்கும் இடையே இருபது ஆண்டுகளுக்கும் மேலான இடைவெளி. சீனாவின் அணுசக்தி நீர்மூழ்கிகளோ 2013-ஆம் ஆண்டின் இறுதியிலிருந்தே இந்தியப் பெருங்கடலில் உலவத் தொடங்கிவிட்டன.

அவையில் எழாத கேள்வி

இத்தனை பெரிய திட்டத்தை நாடாளுமன்றம் எவ்வாறு ஆராய்கிறது? 2025-26 நிதிநிலை அறிக்கையில் பாதுகாப்புத் துறைக்கு ரூ. 6.81 லட்சம் கோடி ஒதுக்கப்பட்டது. அதில் அணுசக்தி நீர்மூழ்கிகளுக்கு எவ்வளவு என்று உறுப்பினர் ஒருவர் தேடினால் தனித் தலைப்பு எதுவும் அவருக்குக் கிடைக்காது. நிலைக்குழு அறிக்கைகளிலும் ரகசியம் கருதி நீக்கப்பட்ட இடங்களில் நட்சத்திரக் குறிகளையே காண முடிகிறது.

மானியக் கோரிக்கைகள் மீது முழு விவாதம் நடக்கும் என்பதற்கும் உத்தரவாதம் இல்லை. 2018 மார்ச்சிலும் 2023 மார்ச்சிலும் அமளிக்கிடையே எல்லாத் துறைகளின் கோரிக்கைகளும் மக்களவையில் விவாதமின்றி, "கில்லட்டின்' முறையில் ஒட்டுமொத்தமாக நிறைவேறின. பாதுகாப்புத் துறையும் அதில் அடக்கம்.

ரகசியம் தேவையில்லை என்று எவரும் கூறவில்லை. கப்பல் எங்கே இருக்கிறது, எத்தனை ஏவுகணைகள் உள்ளன, எவ்வளவு ஓசை எழுப்புகிறது என்பனவெல்லாம் வெளியே சொல்லத் தக்கவை அல்ல. ஆனால், மொத்தச் செலவு, கால அட்டவணை, அணு உலைப் பாதுகாப்பைச் சுதந்திரமாகக் கண்காணிப்பவர் யார் என்பன வேறு வகையைச் சேர்ந்தவை.

பிரிட்டனைப் பார்க்கலாம். தனது பழைய அணு ஆயுத நீர்மூழ்கிகளுக்குப் பதிலாகப் புதியவற்றைக் கட்டும் முடிவை அந்நாட்டு அரசு மக்கள் சபையின் வாக்கெடுப்புக்கு விட்டது. 2007 மார்ச்சில் 409-க்கு 161. 2016 ஜூலையில் 472-க்கு 117. நான்கு கப்பல்களுக்கு 3,100 கோடி பவுண்ட், எதிர்பாராச் செலவுக்கு மேலும் 1,000 கோடி பவுண்ட் என்ற மதிப்பீடு வெளிப்படையாக வைக்கப்பட்டது. இதனால் அக்கப்பல்களின் இருப்பிடம் எதிரிக்குத் தெரிந்துவிடவில்லை.

இங்கும் முன்னுதாரணம் உண்டு. டீசல் நீர்மூழ்கிகளின் சராசரித் தயார்நிலை 48 சதவீதமாகவே இருந்ததைத் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர் 2008-இல் அறிக்கையாக வெளியிட்டார். நாட்டின் பாதுகாப்பு அதனால் குலைந்துவிடவில்லை. குறை எங்கே என்பது அவைக்குத் தெரிந்தது.

ஓய்வுபெறும் கப்பல்

பேசப்படாத விஷயம் இன்னொன்றும் இருக்கிறது. அணு நீர்மூழ்கிக்கு வயது உண்டு. அதற்குப் பின் கதிரியக்கம் கொண்ட உலையை என்ன செய்வது? பிரிட்டன் 1980 முதல் பணியிலிருந்து விலக்கிய 20 கப்பல்களில் ஒன்றைக்கூட முழுமையாக அப்புறப்படுத்தவில்லை என்றும், அவற்றில் ஒன்பதில் அணு எரிபொருள் அப்படியே இருக்கிறது என்றும் அந்நாட்டுத் தேசியத் தணிக்கை அலுவலகம் 2019-இல் சுட்டிக்காட்டியது. கட்டும்போதே அகற்றும் வழியைத் திட்டமிடாததன் விலை அது.

"அரிஹந்த்' பணியில் சேர்ந்து பத்தாண்டுகள் ஆகின்றன. ஒரு கப்பலைக் கட்டி முடிக்கப் பத்தாண்டுகளுக்கு மேல் ஆகிறது என்பதே நமது அனுபவம். அதன் இடத்துக்கு வரவேண்டிய கப்பலைப் பற்றியும், ஓய்வுபெறும் உலை சென்றடையும் இடத்தைப் பற்றியும் முடிவெடுக்க வேண்டிய காலம் இதுவே. கல்பாக்கத்திலும் விசாகப்பட்டினத்திலும் வாழும் மக்களுக்கு அது வெறும் ராணுவ விவகாரம் அல்ல.

பாதுகாப்பு நிலைக்குழு மூடிய கதவுகளுக்குப் பின்னால் கூடித்தான் சாட்சியம் கேட்கிறது. அந்த அறைக்குள்ளாவது இத்திட்டத்தின் முழுக் கணக்கையும் அரசு வைக்கலாம். கடலுக்கடியில் கப்பல் மறைந்திருப்பது நாட்டுக்குப் பலம். பணத்துக்கு ஒப்புதல் அளிக்கும் அவைக்கே கணக்கு மறைந்திருப்பது பலம் ஆகாது.